உங்களுக்குத் தெரியுமா? கரிசலில் கூலி கேட்காமல் உழைப்பவர்கள்

கோவில்பட்டியிலிருந்து எட்டயபுரம், விளாத்திகுளம் பக்கம் சித்திரை மாதத்தில் போகிறவர்களுக்குக் கண்ணுக்கெட்டிய தூரம்வரை கறுத்து வெடித்த நிலம்தான் தெரியும். வற்றாத ஆறு கிடையாது, அடர்ந்த காடும் கிடையாது. ‘வெறும் பொட்டல்’ என்று சொல்லிக் கடந்துவிடுகிறோம். ஆனால் இந்த மண்ணுக்குள்ளும் மேலும் எண்ணற்ற உயிர்கள் நமக்காக வேலை செய்துகொண்டிருக்கின்றன. அவற்றில் சிலரை அறிமுகப்படுத்தவே இந்தத் துணுக்குகள்.

1. தன்னைத்தானே உழும் மண்

கரிசலில் மான்ட்மோரிலோனைட் என்ற களிக்கனிமம் அதிகம். நனைந்தால் விரியும், காய்ந்தால் சுருங்கும். அதனால்தான் கோடையில் கை நுழையும் அளவுக்கு நிலம் வெடிக்கிறது. மேல்மண் உதிர்ந்து வெடிப்புக்குள் விழ, மழையில் மண் விரிந்து மூட, ஆண்டுதோறும் மேல்மண்ணும் அடிமண்ணும் கலக்கின்றன. முதல் மழையும் இந்த வெடிப்புகள் வழியாகத்தான் ஆழத்துக்கு இறங்குகிறது. வெயில் காலத்தில் தேரை, தேள், பல்லி, பூச்சிகளுக்கு வீடும் அவைதான்.

2. மூன்று மாத மழை, ஆறு மாத வெள்ளாமை

இந்த வட்டாரத்தின் ஆண்டு மழை சுமார் 700 மில்லிமீட்டரை ஒட்டியது. அதில் பாதிக்கு மேல் ஐப்பசி, கார்த்திகையை ஒட்டிய வடகிழக்குப் பருவத்தில் கொட்டிவிடும். மார்கழியில் மழை நின்ற பிறகும் பருத்தியும் மல்லியும் விளைவது, கரிசல் பிடித்து வைத்திருக்கும் ஈரத்தால். அணை கட்டாமல், மோட்டார் போடாமல் கிடைக்கும் பாசனம் இது.

3. ஒரு பிடி மண்ணில் ஓர் உலகம்

உலகின் உயிரினங்களில் சுமார் 59 விழுக்காடு மண்ணில் வாழ்கின்றன என்று 2023-ல் வெளியான ஓர் ஆய்வு கணக்கிட்டது. பாக்டீரியா, பூஞ்சை, கரையான், மண்புழு எல்லாம் இதில் அடக்கம். சருகையும் தட்டையையும் சாணத்தையும் பயிருக்கு உணவாக மாற்றித் தருபவர்கள் இவர்கள். அறுவடை முடிந்ததும் தட்டையைத் தீ வைத்துக் கொளுத்தினால், அவர்களுக்கான சோற்றையும் சேர்த்தே எரித்துவிடுகிறோம்.

4. காற்றிலிருந்து உரம்

காற்றில் 78 விழுக்காடு நைட்ரஜன். ஆனாலும் எந்தச் செடியாலும் அதை நேரடியாக எடுத்துக்கொள்ள முடியாது. உளுந்து, பாசி, தட்டைப்பயறு, துவரை இவற்றின் வேர்முடிச்சில் குடியிருக்கும் ரைசோபியம் பாக்டீரியாதான் அதைப் பிடித்துப் பயிர் உண்ணும் வடிவில் தருகிறது. பருத்திக்குள் உளுந்தை ஊடுபயிராகப் போட்ட நம் பெரியவர்கள், யூரியா மூட்டை வருவதற்கு முன்பே நிலத்துக்கு நைட்ரஜன் ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

5. கடலைமிட்டாய்க்குப் பின்னால்

கோவில்பட்டிக் கடலைமிட்டாய்க்கு 2020 ஏப்ரலில் புவிசார் குறியீடு கிடைத்தது. பாகு பதமும் கைப்பக்குவமும் ஊராரின் திறமை. அந்த நிலக்கடலையும் வேர்முடிச்சுப் பாக்டீரியாவின் துணையோடுதான் வளர்கிறது. பூத்தபின் காம்பை மண்ணுக்குள் இறக்கிக் காய்க்கும் செடி அது. மண் உயிரோடு இருந்தால்தான் கடலை திரளும்.

6. கருங்கண்ணி என்னும் சொத்து

பயிரிடப்படும் பருத்தி இனங்கள் நான்கு. நான்கையும் வணிக முறையில் விளைவிக்கும் ஒரே நாடு இந்தியா. அதில் நம் கரிசலின் பழைய பருத்தி கருங்கண்ணி. ஆழமாக வேர்விட்டு வறட்சியைத் தாங்கும். சாறு உறிஞ்சும் பூச்சிகளையும் நன்றாகவே எதிர்த்து நிற்கும். 1901-ல் தொடங்கப்பட்ட கோவில்பட்டி வேளாண் ஆராய்ச்சி நிலையம் இந்த இனத்திலிருந்து ‘கே’ வரிசை ரகங்களை உருவாக்கியது. கே 11 அவற்றில் ஒன்று. 2002-ல் பி.டி. பருத்தி இந்தியாவுக்கு வந்தபின் நாட்டுப் பருத்தி ஓரங்கட்டப்பட்டது. மழை பொய்க்கும் காலத்தில் நமக்குத் தேவைப்படும் குணங்கள் அந்தப் பழைய விதைக்குள்தான் இருக்கின்றன.

7. ஒரே புஞ்சையில் ஒரு சந்தை

கம்பு, இருங்கு சோளம், குதிரைவாலி, பாசி, துவரை, மல்லி என்று ஒரே காட்டில் பலதும் விளைந்த காலம் உண்டு. ஒன்று பொய்த்தால் இன்னொன்று கைகொடுக்கும். ஒன்றின் பூச்சி இன்னொன்றுக்கு எளிதில் பரவாது. ஓரத்தில் நட்ட ஆமணக்கு, புகையிலைப் புழுவின் தாய் அந்துப்பூச்சியைத் தன் பக்கம் இழுத்துக்கொள்ளும். பூச்சியியல் படித்தவர்கள் இதைக் ‘கவர்ச்சிப் பயிர்’ என்கிறார்கள்.

8. மக்காச்சோளம் கற்றுத்தந்த பாடம்

அமெரிக்கக் கண்டத்துப் படைப்புழு 2018-ல் இந்தியாவில் முதன்முதலாகக் கர்நாடகத்தில் தென்பட்டது. அதே ஆண்டில் தமிழகத்துக்கும் பரவியது. மைல் கணக்கில் மக்காச்சோளமே நின்ற மானாவாரிக் காடுகள் அதற்கு விருந்தாகின. விவசாயிகளுக்கு அரசு நிவாரணம் தர நேர்ந்தது. பிறகு தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் சொன்ன வழிகளில் ஒன்று, வயலைச் சுற்றித் தட்டை, எள், துவரை, சூரியகாந்தி விதைப்பது. பூச்சிகளைத் தின்னும் பூச்சிகள் தங்க அந்த ஓரப்பயிர் இடம் தருகிறது. நம் தாத்தாக்கள் புஞ்சை ஓரத்தில் செய்ததற்கே திரும்பி வந்திருக்கிறோம்.

9. ஒரு மில்லிமீட்டர்கூட இல்லாத காவலாளி

டிரைக்கோகிரம்மா என்ற குளவி நம் கண்ணுக்குத் தூசியாகத்தான் தெரியும். அது அந்துப்பூச்சியின் முட்டைக்குள் தன் முட்டையை இடும். புழு பொரிப்பதற்குப் பதிலாகக் குளவி பொரித்து வெளியே வரும். இதை அட்டையில் ஒட்டி விவசாயிகளுக்கு விற்கிறார்கள். அட்டை வாங்காதவர் காட்டிலும் இதன் சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள். வாரத்துக்கு ஒரு மருந்து அடித்தால் முதலில் சாவது அவர்கள்தான்.

10. கரிச்சானுக்கு ஒரு குச்சி

பருத்திக் காட்டில் ஆங்காங்கே ஆங்கில ‘T’ வடிவிலோ சிலுவை வடிவிலோ குச்சி நட்டிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். பறவைத் தாங்கி என்பது அதன் பெயர். இரட்டைவால் குருவி எனும் கரிச்சான் அதில் உட்கார்ந்து காய்ப்புழுவையும் அந்துப்பூச்சியையும் பறந்து பிடிக்கும். மைனாவும் வரும். செலவு ஒரு குச்சி மட்டுமே.

11. தேனீ வராத சூரியகாந்தி

தேனீ வராவிட்டால் சூரியகாந்தியில் பொக்கு விதை பெருகும். அதனால் காலை எட்டு மணி முதல் பதினொரு மணிக்குள் பூக்களை மெல்லிய துணியாலோ கையாலோ தடவிவிடச் சொல்கிறது வேளாண்துறை. ஒரு ஏக்கருக்கு ஆள் விட்டுத் தடவ எவ்வளவு கூலி ஆகும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். கொம்புத்தேனீயும் மலைத்தேனீயும் சும்மா செய்யும் வேலையின் விலை அது. உலகின் உணவுப் பயிர் வகைகளில் 75 விழுக்காட்டுக்கு மேல், ஓரளவேனும் மகரந்தச் சேர்க்கை செய்யும் உயிர்களை நம்பியிருப்பதாக 2016-ல் பன்னாட்டு அறிவியல் குழு ஒன்று அறிவித்தது. பூக்கும் பயிருக்கு மருந்து அடித்தே ஆக வேண்டுமென்றால் சாயங்காலம் அடியுங்கள்.

12. கூகையும் சாரையும்

கூகை கத்தினால் ஆகாது என்று விரட்டுகிறோம். அந்தக் கூகை ஓர் இரவில் ஓரிரு எலிகளைத் தின்னும். குஞ்சு பொரித்த காலத்தில் இன்னும் பலவற்றைப் பிடித்துக் கொண்டுபோகும். பகலில் அதே வேலையைச் செய்வது சாரைப்பாம்பு. அதற்கு நஞ்சு கிடையாது. எலி தின்னும் தானியமும் எலி பரப்பும் நோயும் இந்த இருவரால் குறைகின்றன. கோவில்பட்டிக்கு அருகே உருளைக்குடியைச் சேர்ந்த சோ. தர்மன், தலித் மக்களின் வாழ்வைச் சொல்லும் தம் நாவலுக்குக் ‘கூகை’ என்றே பெயர் வைத்தார்.

13. பாறு போனதால் வந்த இழப்பு

செத்த மாட்டைச் சில மணி நேரத்தில் எலும்பாக்கிவிடும் பாறு எனும் பிணந்தின்னிக் கழுகுகள் இந்தியாவெங்கும் இருந்தன. மாட்டுக்குப் போட்ட டைக்ளோஃபெனாக் வலிமருந்து அவற்றின் சிறுநீரகத்தைக் கெடுத்தது. வெண்முதுகுப் பாறு 1992-க்கும் 2007-க்கும் இடையில் 99.9 விழுக்காடு அழிந்தது. கால்நடைக்கு அந்த மருந்தை 2006-ல் தடை செய்தார்கள். அழுகிய உடல்களும் தெருநாய்களும் பெருகியதால் 2000 முதல் 2005 வரை சுமார் 5 லட்சம் மனிதர்கள் கூடுதலாக இறந்திருக்கலாம் என்று 2024-ல் வெளியான பொருளியல் ஆய்வு மதிப்பிட்டது. தமிழகத்தில் இன்று பாறுகள் கூடு கட்டும் முக்கிய இடம் நீலகிரியின் மாயாறு பள்ளத்தாக்கு. ஓர் உயிர் போனபின் அதன் வேலைக்கு நாம் கொடுத்த விலை இது.

14. கிடை போட்ட நிலம்

அறுவடை முடிந்த புஞ்சையில் கீதாரிகள் ஆட்டுக்கிடை போடுவார்கள். ராத்திரி முழுக்க விழும் புழுக்கையும் மூத்திரமும் நிலத்துக்கு நேரடி உரம். அதற்கு நிலக்காரர் பணமோ தானியமோ தருவார். இந்த மண்ணுக்கென்றே உருவான இனம் வேம்பூர் ஆடு. வெள்ளை உடலில் செம்புள்ளிகள் இருப்பதால் பொட்டு ஆடு என்றும் சொல்வார்கள். இடைசெவலில் பிறந்த கி. ராஜநாராயணன் ‘கிடை’ என்றொரு குறுநாவலே எழுதியிருக்கிறார்.

15. கண்மாய் தரும் கரம்பை

மழைநீரோடு ஓடிவரும் வளமான மேல்மண் கண்மாயில் படியும். கோடையில் அந்தக் கரம்பையை வண்டியில் அள்ளிக் காட்டில் அடித்தால், ஓடிப்போன மண் திரும்பி வந்துவிடும். கண்மாயும் ஆழமாகும். மீன், கால்நடைக்குத் தண்ணீர், கிணறுகளில் ஊற்று, கரையோரம் நிழல் என்று ஒரே கண்மாய் பல வேலை செய்கிறது. ஊரே கூடிக் காத்த கண்மாய் எப்படிக் கைவிடப்பட்டது என்பதைச் சொல்லும் சோ. தர்மனின் ‘சூல்’ நாவலுக்கு 2019-ல் சாகித்திய அகாதமி விருது கிடைத்தது.

16. பறவை எச்சம், பயிருக்கு உரம்

திருநெல்வேலி மாவட்டம் கூந்தன்குளத்தில் மஞ்சள் மூக்கு நாரைகளும் கூழைக்கடாக்களும் ஊருக்குள் வீட்டு மரங்களிலேயே கூடு கட்டுகின்றன. எச்சம் விழுந்த குளத்து வண்டலை ஊரார் வயலுக்கு எடுத்துப் போகிறார்கள். பறவைகளைப் பல தலைமுறைகளாகக் காத்துவரும் அந்த ஊரின் குளங்கள் 1994-ல் சரணாலயமாயின. 2022-ல் ராம்சர் பட்டியலில் சேர்ந்தன. கரிசல் பூமியின் இன்னொரு முனையில் முதுகுளத்தூர் பக்கத்துச் சித்திரங்குடியும் அதே ஆண்டில் அந்தப் பட்டியலுக்குள் வந்தது.

17. கடல் தாண்டும் தட்டான்

தட்டான் தாழப் பறந்தால் மழை என்று சொல்வோம். பருவமழையை ஒட்டிக் கூட்டமாக வரும் அந்த மஞ்சள் தட்டான்கள் இந்தியாவிலிருந்து மாலத்தீவு வழியாக இந்தியப் பெருங்கடலைக் கடந்து கிழக்கு ஆப்பிரிக்காவுக்குப் போகின்றன என்று உயிரியலாளர் சார்லஸ் ஆண்டர்சன் 2009-ல் எடுத்துச் சொன்னார். மழைக்குட்டைகளில் அவை முட்டையிடும். பொரிந்து வரும் குஞ்சுகள் கொசுப்புழுக்களைத் தின்னும். வளர்ந்த தட்டான் கொசுவையே பிடித்துத் தின்னும். குட்டையை மூடிவிட்டுக் கொசுமருந்து அடிக்கிறோம்.

18. புல்லை நம்பிய வெளிமான்

தூத்துக்குடி மாவட்டம் வல்லநாட்டு வெளிமான் சரணாலயம் 1987-ல் அறிவிக்கப்பட்டது. இந்தியாவில் இயற்கையாக வெளிமான்கள் வாழும் தென்கோடி இடம் அது. வெளிமானுக்குத் தேவை அடர்காடு அல்ல, திறந்த புல்வெளியும் முட்செடிகளும்தான். ‘சும்மா கிடக்குது’ என்று புல்வெளியில் மரம் நட்டு நிரப்புவதும் அவற்றுக்குத் தீமையே.

19. வெட்டுக்கிளிக்கு எமன்

பனிக்காலத்தில் மத்திய ஆசியப் பக்கமிருந்து பூனைப்பருந்துகள் நம் திறந்தவெளிகளுக்கு வருகின்றன. காட்டின் மேல் தாழ்வாக மிதந்து வெட்டுக்கிளிகளைப் பிடிக்கும். இரவில் அவை மரத்தில் அடையாமல் புல்லுக்குள் தரையில் அடையும். புல்வெளி போனால் அவற்றுக்குத் தங்க இடமில்லை.

20. சீமைக்கருவேலம்: இரண்டு பக்கமும்

தென் அமெரிக்க, கரீபிய மரமான இது 1870-களில் சென்னை மாகாணத்துக்குள் கொண்டுவரப்பட்டது. விறகுப் பஞ்சம் தீர உதவியது. விளாத்திகுளம், ராமநாதபுரம் பக்கம் கரிமூட்டம் போட்டுப் பிழைக்கும் குடும்பங்கள் ஏராளம். அதே மரம் கண்மாயையும் புஞ்சையையும் அடைத்து, நாட்டுச் செடிகளை எழவிடாமல் செய்கிறது. ஆடு தின்ற நெற்று வழியாக விதை பரவுகிறது. அந்நிய ஆக்கிரமிப்புத் தாவரங்களை அகற்றத் தமிழக அரசு 2022-ல் கொள்கை வகுத்தது. வெட்டினால் போதாது, அந்த இடத்தில் உடை, வன்னி, நாட்டுக் கருவேலம், வேம்பு வளர வேண்டும். கரிமூட்டத் தொழிலாளிக்கு வேறு வழியும் கூடவே பிறக்க வேண்டும்.

21. பனையில் இரண்டு குடித்தனம்

தமிழகத்தின் மாநில மரம் பனை. நுங்கு, பதநீர், கருப்பட்டி, ஓலை எல்லாம் நாம் அறிந்தவை. ஓலை நுனியில் தூக்கணாங்குருவி கூடு தொங்கும். ஓலையின் அடிப்பக்கம் பனை உழவாரன் தன் எச்சிலால் இறகுகளை ஒட்டிக் கூடு கட்டும். பறந்துகொண்டே பூச்சி பிடிக்கும். பனையை வெட்ட மாவட்ட ஆட்சியர் அனுமதி வேண்டும் என்று 2021-ல் தமிழக அரசு அறிவித்தது.

22. வேம்பு யாருடையது?

வேப்பெண்ணெயிலிருந்து பூஞ்சைக்கொல்லி தயாரிக்க 1994-ல் ஐரோப்பியக் காப்புரிமை அலுவலகம் ஓர் அமெரிக்க நிறுவனத்துக்கும் அமெரிக்க வேளாண்துறைக்கும் உரிமை கொடுத்தது. இந்திய விவசாயிகள் காலங்காலமாக அறிந்தது என்ற வாதம் வென்று, 2000-ல் உரிமை ரத்தானது; 2005-ல் மேல்முறையீடும் தள்ளுபடியானது. 5 கிலோ வேப்பங்கொட்டைப் பருப்பை இடித்து ஊறவைத்து 100 லிட்டர் கரைசலாக்கித் தெளிப்பது இன்றும் நம் பூச்சிவிரட்டி.

23. உலக மருந்துக்கடையில் நம் நிலாவரை

மலச்சிக்கலுக்கு உலகெங்கும் பயன்படும் சென்னா மருந்தில் ஒரு வகைக்குப் பெயரே ‘திருநெல்வேலி சென்னா’. நம் மானாவாரி நிலங்களில் விளையும் நிலாவரை இலைதான் அது. உலக சுகாதார நிறுவனத்தின் அத்தியாவசிய மருந்துப் பட்டியலிலும் சென்னா இருக்கிறது.

24. பொதிகை தரும் குடிநீர்

கோவில்பட்டிக் குழாயில் வரும் தண்ணீர் சீவலப்பேரியில் தாமிரபரணியிலிருந்து எடுக்கப்படுகிறது. அந்த ஆற்றைக் கோடையிலும் ஓடவைப்பவை பொதிகை மலையின் சோலைக்காடுகளும் உச்சிப் புல்வெளிகளும். மழையை வாங்கி வைத்து மெல்ல மெல்ல விடுகின்றன. அங்கே களக்காடு முண்டந்துறை 1988-ல் தமிழகத்தின் முதல் புலிகள் காப்பகமானது. புலிக்கு என்று காத்த காடு, கரிசல் ஊர்களின் குடத்தையும் நிரப்புகிறது.

25. தீப்பெட்டிக்குள் ஒரு காடு

கோவில்பட்டி, சாத்தூர், சிவகாசி தீப்பெட்டித் தொழில் வறண்ட வானிலையை நம்பி வளர்ந்தது. குச்சிக்கான மென்மரமோ பெரும்பாலும் மழை கொட்டும் கேரளத்திலிருந்து வருகிறது. இங்கே வெயிலும் அங்கே மழையும் சேர்ந்தே இந்தத் தொழில் நடக்கிறது.

26. கணக்கில் எழுதப்பட்டவை

இப்படி இயற்கை செய்யும் வேலைகளை 2005-ல் வெளியான ஐ.நா. ஆயிரமாண்டுச் சூழல் மதிப்பீடு நான்கு வகையாகப் பிரித்தது: பொருள் தருவது, சீர்படுத்துவது, அடித்தளமாக நின்று தாங்குவது, பண்பாட்டை வளர்ப்பது. 95 நாடுகளைச் சேர்ந்த 1,360 வல்லுநர்கள் சேர்ந்து ஆராய்ந்த 24 சேவைகளில் 15 சீரழிந்து வருவதாக அது எச்சரித்தது. கரிசலில் நான்குமே உண்டு. கடலை முதல் வகை, கரிச்சான் இரண்டாவது, வேர்முடிச்சு மூன்றாவது. கி.ரா. தொகுத்த கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதியும் ‘சூல்’ நாவலும் நான்காவது வகையின் விளைச்சல்.

27. சட்டமும் நம் கையில்

2002-ம் ஆண்டு உயிரியல் பன்மைச் சட்டப்படி ஒவ்வொரு உள்ளாட்சியிலும் பல்லுயிர் மேலாண்மைக் குழு இருக்க வேண்டும். ஊரின் செடி, விலங்கு, விதை, வைத்திய அறிவு அனைத்தையும் மக்கள் பல்லுயிர்ப் பதிவேட்டில் எழுத வேண்டும். மதுரை மாவட்டம் அரிட்டாபட்டி 2022-ல் தமிழகத்தின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமானது. அங்கே டங்ஸ்டன் சுரங்கம் தோண்ட விடப்பட்ட ஏலம், மக்கள் எதிர்ப்பால் 2025 ஜனவரியில் ரத்தானது.

உங்கள் ஊராட்சியில் அந்தப் பதிவேடு இருக்கிறதா என்று அடுத்த கிராமசபையில் கேளுங்கள். இல்லையென்றால் எழுதச் சொல்லுங்கள். பெரியவர்களைப் பக்கத்தில் உட்கார வைத்து எழுதுங்கள். வரப்பில் கொஞ்சம் ஆவாரையும் தும்பையும் நிற்கட்டும். புஞ்சை ஓரத்தில் ஒரு வரி துவரை போடுங்கள். கூகையை விரட்டாதீர்கள், சாரையை அடிக்காதீர்கள். ஒவ்வொரு ஜனவரியிலும் அகத்தியமலை மக்கள்சார் இயற்கைவள காப்பு மையம் நடத்தும் தாமிரபரணி நீர்ப்பறவைக் கணக்கெடுப்பில் பிள்ளைகளோடு சேர்ந்துகொள்ளுங்கள். கரிசலில் உழைக்கும் இந்த உயிர்கள் நம்மிடம் கூலி கேட்டதில்லை. இருக்க இடம் மட்டும் கேட்கின்றன. அதைத் தருவது நம் கடமை.